கையெழுத்துப் போடும் முன்னால்: ராணுவச் சேர்க்கை பற்றிய வாசகர் கேள்விகள்

இந்த முறை பெங்களூரு வாசகர்களின் கேள்விகள். எல்லாமே அக்னிவீர், அதாவது நான்கு ஆண்டுப் பணிக்கு எடுக்கப்படும் சிப்பாய், சேர்க்கை பற்றியவை.

கேள்வி: என் மகன் பி.யூ.சி. முடித்துவிட்டு அக்னிவீராகச் சேர்ந்தே தீருவேன் என்கிறான். "நாலு வருஷத்தில் பத்து லட்சம் கைக்கு வரும், அதற்குப் பிறகு அரசாங்க வேலை நிச்சயம்" என்று ஓட்டப் பயிற்சி தரும் அகாடமியில் சொன்னார்களாம். நம்பலாமா?
— ஒரு தாய், ஆஸ்டின் டவுன்

பத்து லட்சம் உண்மைதான் அம்மா. அது எங்கிருந்து வருகிறது என்பதையும் சேர்த்துச் சொல்லியிருக்க வேண்டும். முதல் ஆண்டு மாதச் சம்பளம் 30,000 ரூபாய். அதில் 9,000 பிடித்துக்கொண்டு 21,000 தருவார்கள். இரண்டாம் ஆண்டு 33,000 சம்பளத்தில் கைக்கு 23,100, மூன்றாம் ஆண்டு 36,500-ல் 25,550, நான்காம் ஆண்டு 40,000-ல் 28,000. நான்கு ஆண்டும் பிடித்ததைக் கூட்டினால் 5.02 லட்சம். அதே அளவு தொகையை அரசும் போடும். இரண்டும் சேர்ந்த 10.04 லட்சமும் வட்டியும்தான் சேவா நிதி. அதற்கு வருமான வரி இல்லை. ஆக, பத்து லட்சத்தில் பாதி உங்கள் பையன் உழைத்த சம்பளமே.

பஞ்சப்படி கிடையாது. பணி முடியும்போது ஓய்வூதியமும் பணிக்கொடையும் கிடையாது. நான்கு ஆண்டில் வெளியே வருபவருக்கு முன்னாள் படைவீரர் என்ற தகுதி வராது, அதனால் கேன்டீன் சலுகையும் அவர்களுக்கான மருத்துவத் திட்டமும் வராது. பக்கத்து வீட்டு ரிட்டயர்டு சுபேதாரின் பென்ஷனைப் பார்த்துக் கணக்குப் போடாதீர்கள். அவர் சேர்ந்தபோது இருந்த விதி வேறு. 2022 ஜூனில் இந்தத் திட்டம் வந்தபிறகு சிப்பாயாகச் சேர்பவருக்கு விதி வேறு.

நல்ல பக்கத்தையும் சொல்ல வேண்டும். சாப்பாடு, தங்குமிடம், சீருடை, வைத்தியம் எதற்கும் பையன் காசு கொடுக்க வேண்டியதில்லை. பெங்களூரில் பி.ஜி. வாடகை கட்டிக்கொண்டு 25,000-க்கு டெலிவரி வேலை பார்ப்பவனைவிட, 21,000 வாங்கும் அக்னிவீர் கையில் அதிகம் மிஞ்சும். பிரீமியம் கட்டாமலே 48 லட்சத்துக்கு ஆயுள் காப்பீடு உண்டு. பணியின் காரணமாக உயிரிழந்தால் குடும்பத்துக்கு மேலும் 44 லட்சம் கருணைத் தொகையும், மீதமுள்ள மாதங்களுக்கான சம்பளமும் சேவா நிதியும் கிடைக்கும்.

"அரசாங்க வேலை நிச்சயம்" என்பதுதான் தவறு. ஒரு பேட்ச்சில் 25 விழுக்காடு வரைதான் நிரந்தரப் படைக்கு எடுப்பார்கள். அதற்கு விண்ணப்பிக்கலாம், எனக்குக் கொடுத்தே ஆகவேண்டும் என்று கேட்கும் உரிமை யாருக்கும் இல்லை. எடுக்கப்பட்டவர் குறைந்தது இன்னும் 15 ஆண்டு இருக்க வேண்டும். அவருக்குச் சேவா நிதியில் தன் பங்கும் அதன் வட்டியும்தான் வரும், அரசின் பங்கு வராது. துணை ராணுவப் படைகளில் முன்னாள் அக்னிவீர்களுக்கு இட ஒதுக்கீடு இருக்கிறது. ஆனால் அங்கேயும் தேர்வில் தேறித்தான் போக வேண்டும்.

எனவே 22, 23 வயதில் பையன் வீட்டுக்குத் திரும்புவான் என்று வைத்தே திட்டமிடுங்கள். இக்னோ பல்கலைக்கழகம் அக்னிவீர்களுக்கென்றே ஒரு மூன்றாண்டுப் பட்டப்படிப்பு வைத்திருக்கிறது. பட்டத்துக்கான மதிப்பெண் அலகுகளில் (கிரெடிட்) பாதி படையில் பெறும் பயிற்சிக்கே கிடைக்கும். சேர்ந்த முதல் ஆண்டிலேயே பதிவு செய்யச் சொல்லுங்கள். நான்காம் ஆண்டில் நினைத்துக்கொண்டால் நேரம் போதாது.

கேள்வி: சேர்ந்து ஒரு மாதத்தில் பிடிக்கவில்லை என்றால் விட்டுவிட்டு வரலாமா?
— மர்ஃபி டவுன் வாசகர்

தனியார் கம்பெனியில் ராஜினாமா கொடுப்பது போல முடியாது. நான்கு ஆண்டு முடியும் முன் சொந்த விருப்பத்தில் விலகுவதற்கு, விதிவிலக்கான காரணம் இருந்து உரிய அதிகாரி அனுமதித்தால் மட்டுமே வழி. அப்படி வந்தாலும் அதுவரை பிடித்த சம்பளமும் வட்டியும்தான் கிடைக்கும். அரசின் பங்கு போய்விடும். 18 வயது நிரம்பாதவருக்குப் பெற்றோரும் ஒப்புதல் கையெழுத்துப் போட வேண்டும். அந்தத் தாளைப் படிக்காமல் போடுபவர்கள்தான் அதிகம்.

பயிற்சி மையத்தில் பையன்களை உடைப்பது பெரும்பாலும் ஓட்டம் இல்லை. விடிவதற்கு முன் எழுப்புவார்கள், தலை ஒட்ட வெட்டப்படும், நினைத்த நேரத்தில் போன் கையில் கிடைக்காது, கழிவறை கழுவுவதும் தன் வேலைதான், உத்தரவெல்லாம் இந்தியில். வீட்டில் அம்மா தட்டை எடுத்து வைத்தே பழகியவனுக்கு முதல் மூன்று வாரம் நரகம். இதை முன்னாலேயே கேட்டுவிட்டுப் போனவன் "சொன்னார்களே, இதுதான் அது" என்று தாங்கிக்கொள்வான். துப்பாக்கியும் பரேடும் மட்டும்தான் என்று நம்பிப் போனவனுக்கு ஏமாற்றிவிட்டார்கள் என்ற கோபம் வரும். விடுப்பு ஆண்டுக்கு 30 நாள். பொங்கலுக்கும் அக்கா கல்யாணத்துக்கும் அது அமையும் என்று எண்ண வேண்டாம். நான்கு ஆண்டும் அவனுக்குத் திருமணம் கிடையாது.

சேரும் முன் பேச வேண்டியது அகாடமி மாஸ்டரிடம் இல்லை. கடந்த இரண்டு மூன்று ஆண்டில் பயிற்சி முடித்து லீவில் வந்திருக்கும் ஒருவரைப் பிடியுங்கள். முதல் மாதம் எத்தனை முறை வீட்டுக்குப் பேச முடிந்தது, அடிபட்டவர்களை என்ன செய்தார்கள், இந்தி தெரியாதவன் எப்படிச் சமாளித்தான், போஸ்டிங் எங்கே விழுந்தது: இந்த நான்கையும் கேளுங்கள்.

கேள்வி: வீடு அல்சூர் ஏரிக்குப் பக்கம். எதிரே எம்.இ.ஜி. மையம். அங்கேயே பயிற்சியும் போஸ்டிங்கும் கேட்டு வாங்க முடியுமா?
— அல்சூர் வாசகர்

முடியாது. எந்தப் பிரிவு என்பதைக் காலியிடமும் மதிப்பெண்ணும் பார்த்து ராணுவமே ஒதுக்கும். 'தம்பி' என்று செல்லமாக அழைக்கப்படும் மெட்ராஸ் சேப்பர்ஸில், அதாவது எம்.இ.ஜி. என்கிற ராணுவப் பொறியாளர் பிரிவில், இடம் கிடைத்தாலும், பயிற்சி முடிந்தபின் பாலம் கட்டுவதோ கண்ணிவெடி எடுப்பதோ வடக்கு எல்லையில் இருக்கலாம்.

கேள்வி: ஆதாரில் 'எஸ். கார்த்திக்', எஸ்.எஸ்.எல்.சி. மார்க்ஸ் கார்டில் 'கார்த்திக் எஸ்', பான் கார்டில் அப்பா பெயர் விரிவாக. ரேஷன் கார்டு கிருஷ்ணகிரியில். எந்த ஊரில் விண்ணப்பிப்பது?
— நீலசந்திரா வாசகர்

தமிழ்க் குடும்பங்களின் பழைய தலைவலி இது. ராணுவம் அடிப்படையாக வைப்பது பத்தாம் வகுப்புச் சான்றிதழை. பெயர், பிறந்த தேதி, அப்பா அம்மா பெயர் எழுத்துக்கு எழுத்து அதன்படி இருக்க வேண்டும். ஆகவே மாற்ற வேண்டியது ஆதாரை. ஆதாரில் பெயரை வாழ்நாளில் இரண்டு முறைதான் மாற்றலாம், பிறந்த தேதியை ஒரு முறைதான். அவசரத்தில் ஒரு வாய்ப்பை வீணாக்காமல், மார்க்ஸ் கார்டைக் கையில் வைத்துக்கொண்டு திருத்துங்கள். அறிவிக்கை வருவதற்கு முன்பே இது முடிந்திருக்க வேண்டும்.

ஊர் விஷயம்: இருப்பிடச் சான்றிதழ் எந்த மாவட்டத்தில் வாங்குகிறீர்களோ, அந்த மாவட்டத்துக்கான சேர்க்கை அலுவலகத்தில்தான் விண்ணப்பிக்க வேண்டும். இங்கே பிறந்து வளர்ந்தவர் தாசில்தாரிடம் கர்நாடகச் சான்றிதழ் வாங்கினால் பெங்களூரு அலுவலகம். கிருஷ்ணகிரிச் சான்றிதழ் என்றால் தமிழ்நாட்டின் சென்னை, கோவை, திருச்சி அலுவலகங்களில் அந்த மாவட்டத்தைப் பார்ப்பது எதுவோ அது. இரண்டு இடத்திலும் போட்டுப் பார்ப்போம் என்ற யோசனை தகுதியிழப்பில் முடியும். நன்னடத்தைச் சான்றிதழும், திருமணமாகாதவர் என்ற சான்றிதழும் ஆறு மாதத்துக்குள் வாங்கியவையாக இருக்க வேண்டும். எழுத்துத் தேர்வைத் தமிழிலேயே எழுதலாம், கன்னடத்திலும் எழுதலாம்.

கேள்வி: தார் ரோட்டில் தினமும் ஓடுகிறேன். முழங்காலுக்குக் கீழே முன் எலும்பு வலிக்கிறது. பச்சை குத்தியிருக்கிறேன், அது பிரச்சினையா?
— ஸ்ரீராமபுரம் வாசகர்

வலியை முதலில் பாருங்கள். ஓடும் தூரத்தைத் திடீரென்று கூட்டுவது, கடினமான தரை, தேய்ந்த ஷூ மூன்றும் சேர்ந்தால் கணைக்கால் எலும்பில் நுண்ணிய விரிசல் விழலாம். விரலால் அழுத்தும்போது ஒரே புள்ளியில் சுரீரென்று வலித்தால் ஓட்டத்தை நிறுத்தி எலும்பு மருத்துவரைப் பாருங்கள். குணமானபின் மண் தரையில் தொடங்கி, வாரத்துக்குப் பத்தில் ஒரு பங்குக்கு மேல் கூட்டாதீர்கள். உடல்தகுதித் தேர்வில் 1.6 கி.மீ.-யை 5 நிமிடம் 30 விநாடிக்குள் முடித்தால் முழு 60 மதிப்பெண். அதாவது 400 மீட்டர் மைதானத்தில் சுற்றுக்குச் சுமார் 82 விநாடி வீதம் நான்கு சுற்று. முதல் சுற்றை 70-ல் ஓடிவிட்டு மூன்றாம் சுற்றில் நாக்குத் தள்ளுவதுதான் வழக்கமான தோல்வி. பீமில், அதாவது தலைக்கு மேல் உள்ள கம்பியைப் பிடித்து, 10 முறை உடலைத் தூக்கினால் 40 மதிப்பெண். 6 முறை என்றால் 16-தான்.

பச்சை குத்தியது முன்னங்கையின் உள்பக்கத்திலோ புறங்கையிலோ இருந்தால் பொதுவாகச் சரி. வேறு இடத்தில் நிரந்தரமாக இருந்தால் நிராகரிப்பார்கள்.

அகாடமிக்குப் பணம் கட்டும் முன், பக்கத்து டாக்டரிடம் சில நூறு ரூபாயில் தட்டைப் பாதம், முட்டி இடிக்கும் கால், காதில் சீழ், நிறக்குருடு, ரத்த அழுத்தம், சொத்தைப் பல் ஆகியவற்றைப் பார்த்துவிடுங்கள். பொதுச் சிப்பாய்ப் பணியான ஜெனரல் டியூட்டிக்கு நம் பக்கத்து ஆண்களுக்கு உயரம் 166 செ.மீ. வேண்டும். 164 இருக்கும் பையனிடம் ஆறு மாதம் ஃபீஸ் வாங்கும் இடங்கள் உண்டு.

கேள்வி: பெண்கள் சேரலாமா?
— விவேக் நகர் வாசகி

சிப்பாய் நிலையில் ராணுவக் காவல் பிரிவில் சேரலாம். அதன் பயிற்சி மையம் பெங்களூரிலேயே இருக்கிறது. உயரம் 162 செ.மீ., 1.6 கி.மீ. ஓட்டத்தை 7 நிமிடம் 30 விநாடிக்குள் முடித்தால் முதல் பிரிவு, 10 அடி நீளம் தாண்டல், 3 அடி உயரம் தாண்டல். வேலை முகாம் ஒழுங்கு, போக்குவரத்து, காவல். பயிற்சி இங்கே என்பதால் போஸ்டிங்கும் இங்கேயே என்று வீட்டில் சொல்லிச் சம்மதம் வாங்காதீர்கள்.

கேள்வி: இரண்டு லட்சம் கொடுத்தால் மெடிக்கலில் பாஸ் போட்டுத் தருவதாக ஒருவர் சொல்கிறார். ஒரிஜினல் சான்றிதழ்களை முன்பணமாகக் கேட்கிறார்.
— பெயர் வெளியிட விரும்பாதவர்

கொடுக்காதீர்கள். விண்ணப்பத்தோடு இணையத்தில் கட்டும் தேர்வுக் கட்டணம் தவிர இதில் யாருக்கும் எந்தக் காசும் கிடையாது. இந்தத் தரகர்கள் நூறு பேரிடம் வாங்குவார்கள். தானாகத் தேறும் இருபது பேரின் பணத்தை வைத்துக்கொண்டு, மற்றவர்களுக்கு இழுத்தடிப்பார்கள். மெடிக்கலில் தகுதியில்லை என்று சொல்லிவிட்டால் ராணுவ மருத்துவமனையில் மறுபரிசோதனை கேட்க வழி இருக்கிறது. காரணம் எழுதிய தாளை அங்கேயே கேட்டு வாங்கி, அதில் குறித்த நாளுக்குள் போய்விட வேண்டும். சான்றிதழ்களை ஏற்கெனவே கொடுத்திருந்தால் இன்றே உங்கள் பகுதி காவல் நிலையத்தில் எழுதிக் கொடுங்கள். ஆள்சேர்ப்பு ரேலி அன்று ஒரிஜினல் இல்லாமல் உள்ளே விடமாட்டார்கள், அது அந்த ஆளுக்கும் தெரியும்.