சாலொமோன் ஆலயம்: உங்கள் கேள்விகளும் என் பதில்களும்

கேள்வி: பைபிளில்தான் முழக்கணக்கு எல்லாம் இருக்கிறதே, அப்படியே வரைந்துவிட முடியாதா?

பதில்: சாலொமோன் அரசர் எருசலேமில் கட்டிய ஆலயத்தின் தரைப்படம் வரையலாம். நீளம் 60 முழம், அதில் கூடம் 40, மகா பரிசுத்த ஸ்தலம் என்ற உள்ளறை 20. அகலம் 20, உயரம் 30. முன்மண்டபம் 10 முழம் தனி. முழத்தை 45 சென்டிமீட்டர் என்று வைத்தால், முன்மண்டபம் போக உள்ளளவு 27 மீட்டருக்கு 9 மீட்டர்தான். பலர் நினைப்பதைவிட ரொம்பச் சின்னது.

சிக்கல் உயரத்தில் வருகிறது. மகா பரிசுத்த ஸ்தலம் நீளம், அகலம், உயரம் மூன்றிலும் 20 முழம் என்கிறது பைபிளின் 1 இராஜாக்கள் புத்தகம். கட்டடமோ 30 முழ உயரம். மிச்ச 10 முழம் எங்கே போனது? தரையை உயர்த்திப் படி வைத்தார்களா, மேலே அறை விட்டார்களா? வரைகிற ஒவ்வொருவரும் ஏதோ ஒன்றைத் தேர்ந்தெடுத்தே ஆகவேண்டும். பைபிளின் இன்னொரு புத்தகமான 2 நாளாகமம் முன்மண்டபத்துக்கு 120 முழ உயரம் சொல்கிறது. இவ்வளவு சின்னக் கட்டடத்துக்கு முன்னால் 54 மீட்டரா? பிரதியெடுத்தவரின் பிழை என்றே நினைக்கிறேன்.

கேள்வி: முன்மண்டபத்தில் இருந்த யாகீன், போவாஸ் என்ற இரண்டு தூண்கள் கூரையைத் தாங்கினவா?

பதில்: தெளிவாகச் சொல்லப்படவில்லை. 18 முழ வெண்கலத் தூண்கள் அவை. தனியாக நின்றதாகவும் வரைகிறார்கள், தாங்கியதாகவும் வரைகிறார்கள். இங்கேதான் சிரியாவின் ஐன் தாரா என்ற பழங்காலக் கோயில் ஒப்பிட்டுப் பார்க்கக் கைகொடுக்கிறது. முன்மண்டபத்தில் இரண்டு தூண்கள், உள்ளே கூடம், கடைசியில் கருவறை, சுற்றிலும் பக்க அறைகள் என்று அதே அமைப்பு. வாசற்கல்லில் சுமார் ஒரு மீட்டர் நீளப் பாதச்சுவடுகள் செதுக்கியிருந்தன. 2018 ஜனவரியில் குண்டுவீச்சில் பெரும்பகுதி சிதைந்தது. சாலொமோன் ஆலயத்தில் நமக்கு ஒரு கல்கூடக் கிடைக்காத நிலையில், அந்த இழப்பு எனக்கு இன்னும் வலிக்கிறது.

கேள்வி: எருசலேமில் யூதர்கள் ஜெபிக்கும் மேற்குச் சுவர் சாலொமோன் ஆலயத்தின் மிச்சம்தானே?

பதில்: இல்லை. அந்த ஆலயத்தை பாபிலோனியர் கி.மு. 586-இல் இடித்தார்கள். பிறகு எழுந்த இரண்டாம் ஆலயத்தை விரிவாக்க ஏரோது அரசர் அமைத்த மேடையின் தாங்குசுவர் இது.

கேள்வி: இப்போது போய்ப் பார்க்க எதைச் சொல்வீர்கள்?

பதில்: பிரேசிலின் சாவோ பாவ்லோவில் 2014-இல் திறந்த ‘சாலொமோன் ஆலயம்’ 10,000 பேர் அமரும் தேவாலயம். பழைய ஆலயத்தின் அளவைத் தெரிந்துகொள்ள அதைப் பார்க்காதீர்கள். எருசலேமில் இஸ்ரேல் அருங்காட்சியகத்துக்குப் போங்கள். மைக்கேல் அவி-யோனா வடிவமைத்து 1966-இல் திறந்த 50-இல் ஒரு பங்கு மாதிரி அங்கே இருக்கிறது. அது சாலொமோன் ஆலயம் அல்ல, இரண்டாம் ஆலயத்தோடு கூடிய ஏரோது காலத்து எருசலேம் நகரம். யூதச் சட்டத் தொகுப்பான மிஷ்னாவும் முதல் நூற்றாண்டு யூத வரலாற்றாசிரியர் யோசேபஸும் தரும் விவரங்களோடு அகழாய்வையும் சேர்த்துச் செய்தது. ஆலயத்தின் முன்பக்கமாக நின்று, சுற்றியுள்ள பிராகாரங்களிலிருந்து பார்வையைத் தொடங்குங்கள்.