ஸ்பெயினில் கையால் வரைந்த முதல் அனிமேஷன் குறும்படம் 'எலெக்ட்ரிக் ஹோட்டல்' தானே?

இல்லைங்க. இணையத்தில் அதன் துண்டு வீடியோவைப் பார்த்துவிட்டுக் கேட்கிறீர்கள் என்று நினைக்கிறேன். ஸ்பெயின் இயக்குநர் செகுந்தோ தே சோமோன் 1908-ல் எடுத்த அந்தப் படத்தில் பெட்டிகள் தானாக நகரும், பிரஷ் தானாக பூட்ஸுக்குப் பாலிஷ் போடும். எல்லாம் நிஜப் பொருட்கள். ஒரு பிரேம் (அசையாத ஒரு படம்) எடுப்பது, பொருளை இம்மி நகர்த்துவது, அடுத்த பிரேம் எடுப்பது. சோமோனை மட்டம் தட்டுவதாகச் சண்டைக்கு வரவேண்டாம். ஆள் கில்லாடிதான், ஆனால் நீங்கள் கேட்டது வரைந்த படத்தை.

அந்த வகையில் வழக்கமாக முதலில் சொல்லப்படுவது ஃபெர்னாந்தோ மார்கோவின் 'எல் தோரோ ஃபெனோமெனோ' ('அதிசயக் காளை'). ஆண்டு 1917 என்பாரும் உண்டு, 1919 என்பாரும் உண்டு. பிறகு 1930களின் தொடக்கத்தில் மத்ரித்தில் கேலிச்சித்திரக்காரர்கள் ஹோவாகின் சௌதாரோ, கே-ஹீத்தோ இதில் இறங்கினார்கள். 1940களில் பார்சிலோனாவில் சமார்த்தின் ஸ்டுடியோ. அங்கே காமிக்ஸ் ஓவியர் ஹோஸே எஸ்கோபாரின் 'சிவிலோன்'. அதுவும் காளைதான், ஸ்பெயின் ஆச்சே!

வரைந்து எடுப்பது எவ்வளவு வேலை என்று பாருங்கள். பேசும் படம் வந்தபின் வினாடிக்கு 24 பிரேம். 8 நிமிடப் படத்துக்கு 11,520 பிரேம். ஒரே ஓவியத்தை இரண்டு பிரேமுக்கு நிறுத்தினால்கூட ஓர் உருவத்துக்கே 5,760 ஓவியம். ஒளிபுகும் செல்லுலாய்ட் தாளின் (சுருக்கமாக 'செல்') முன்பக்கம் மையில் கோடு, பின்பக்கம் வண்ணம். அதைப் பின்னணி ஓவியத்தின்மேல் வைத்து, கண்ணாடியால் அழுத்தி, இரு பக்கமும் 45 டிகிரியில் விளக்கு வைத்துப் படம் பிடிப்பார்கள்.

சொதப்புவது இங்கேதான். செல் முழுக்கத் தெளிவானது கிடையாது, ஒவ்வோர் அடுக்கும் கொஞ்சம் வெளிச்சத்தைத் தின்னும். ஒரு ஷாட்டில் மூன்று அடுக்கு ஓடும்போது நடுவில் ஒன்றை உருவினால் பின்னணி சட்டென்று வெளுத்துவிடும். அதனால் வேலையில்லாத இடத்தில் வெற்றுச் செல் ஒன்றைச் செருகி எண்ணிக்கையைச் சமன் செய்வார்கள். கழுவித் திரும்பப் பயன்படுத்திய செல்லில் கீறல் விழும். ஈரப்பதம் மாறிச் செல் விரிந்தாலோ சுருங்கினாலோ, அதை இடம் மாறாமல் பிடிக்கும் ஆணிகளுக்கான துளை விலகி, கோடு நடுங்கும். தூசி ஒட்டினால் ஒரு பிரேமில் புள்ளி மின்னி மறையும். பழைய குறும்படத்தில் இவை தெரிந்தால், அது செல்லில் வரைந்ததாக இருக்கலாம்.

இன்னொன்று, கேள்விக்குச் சம்பந்தமில்லைதான். வினாடிக்கு 16 பிரேம் அளவில் எடுத்த ஊமைப் படங்களை அப்படியே 24-ல் ஏற்றி வைக்கிறார்கள். ஒன்றரை மடங்கு வேகம்! எல்லாரும் பேய் பிடித்தவர்கள் மாதிரி ஓடுகிறார்கள், பார்க்கிறவர்களோ 'அந்தக்கால டெக்னாலஜி அவ்வளவுதான்' என்று கமென்ட் போடுகிறார்கள். பிளேயரில் வேகத்தை 0.75 வைத்துப் பாருங்கள், 18 பிரேமுக்கு, அதாவது அசல் வேகத்துக்குக் கிட்டத்தட்ட வந்துவிடும்.