சபையை விட்டு வரும்போது கையில் 3 லட்சம்

கேள்வி: எனக்கு 43 வயது. கத்தோலிக்கத் துறவற சபை ஒன்றில் 15 ஆண்டுகளாகக் குரு. சபையின் பள்ளியில் ஆங்கிலம் கற்பித்தேன். சம்பளம் சபைக்கே போனது. யார்மீதும் கோபமில்லை. இனி என் வாழ்க்கையை நானே தீர்மானிக்க வேண்டும் என்றுதான் துறவற வாக்குறுதிகளிலிருந்து விடுவிக்கும் விலக்களிப்புக் கேட்டேன். அடுத்த மாதம் வெளியே வருகிறேன். சபை 3 லட்சம் தருகிறது. அதில் செங்கல்பட்டுப் பக்கம் மனைக்கு முன்பணம் கட்டச் சொல்கிறார் நண்பர். எனக்குச் சர்க்கரை நோய் உண்டு. – வாசகர், பெரம்பூர்

பதில்: மனை வேண்டாம். கணக்குப் போட்டுப் பாருங்கள். வாடகை 10,000 என்றால் ஐந்து மாத அட்வான்ஸ் 50,000. அடுப்பு, பாத்திரம், கட்டிலுக்கு 30,000. மாதச் செலவு 25,000 என்று வைத்தால் மிச்சம் ஒன்பது மாதத்துக்குக்கூட முழுதாகப் போதாது. இந்தப் பணம் உங்களுக்கு வாங்கித் தருவது அந்த அவகாசத்தைத்தான். மனையில் முடங்கிவிட்டால், கிடைத்த முதல் வேலையைப் பயத்தில் பிடித்துக்கொள்ள வேண்டிவரும். அதற்காகவா வெளியே வருகிறீர்கள்? சேமிப்புக் கணக்கிலும் சிறு சிறு வைப்புகளாகவும் வையுங்கள்.

உழைத்த ஆண்டுகளுக்காகச் சபையிடம் உரிமையாக எதையும் கேட்க முடியாது என்கிறது திருச்சபைச் சட்டம் 702. ஆனால் பிரிந்து போகிறவரிடம் நியாயத்தோடும் அன்போடும் நடக்க வேண்டும் என்பதும் அதே விதிதான். 15 ஆண்டுக்கு 3 லட்சம் குறைவு என்பது என் எண்ணம். உங்கள் பகுதிக்குப் பொறுப்பான சபை மேலாளரிடம் (மாநிலத் தலைவர்) இன்னொரு முறை பேசுங்கள். அதில் கூச்சப்பட எதுவும் இல்லை.

பள்ளி உங்கள் பெயரில் பிஎஃப் கட்டியதா என்று உடனே விசாரியுங்கள். சம்பளம் எங்கே போயிருந்தாலும் பிஎஃப் கணக்கு உங்களுடையது. அதன் ஓய்வூதியத் திட்டத்தில் பத்து ஆண்டு நிறைந்திருந்தால் 58 வயதில் பென்ஷனும் உண்டு. அவசரப்பட்டு எடுத்துவிடாதீர்கள்.

என் பெரிய கவலை சர்க்கரைதான். புது மருத்துவக் காப்பீட்டில் ஏற்கெனவே உள்ள நோய்க்கு மூன்று ஆண்டுவரை காத்திருக்கச் சொல்வார்கள். சபையின் குழுக் காப்பீட்டில் இருந்தால், வெளியேறும் முன்பே அதே நிறுவனத்தில் தனிநபர் பாலிசிக்கு மாற முடியுமா என்று கேளுங்கள்.

ஆதாரிலும் வங்கியிலும் முகவரியை மாற்றுங்கள். குடும்பச் சொத்தில் உங்கள் பங்கை விட்டுக்கொடுத்து விடுதலைப் பத்திரம் பதிவு செய்து கொடுத்திருக்கிறீர்களா என்றும் பாருங்கள். இல்லையென்றால் உங்களுக்குப் பங்கு இருக்கக்கூடும்.

பள்ளிகள் ஜூனில் திறக்கும். ஆசிரியர்களை அதற்கு முன்பே எடுத்துவிடுவார்கள். ஆசிரியராகப் பணியாற்றிய ஆண்டுகளைக் குறிப்பிட்டு அனுபவச் சான்றிதழ் வாங்காமல் சபை வீட்டிலிருந்து கிளம்பாதீர்கள்.