சதுரங்கப் பலகைக்குப் பின்னால் இருந்தவர்கள்: மலையக வாசகர் கேள்விகள்

ஹட்டன் பக்கத்தில் பிள்ளைகளுக்குச் சதுரங்கம் பழக்குகிறேன். என்னிடம் வரும் கேள்விகளில் காய் நகர்த்துவதைப் பற்றிக் கேட்பவர்கள் குறைவு. "அவர்கள் எப்படி அந்த இடத்துக்கு வந்தார்கள்?" என்றுதான் அதிகம் கேட்கிறார்கள். அப்படி வந்த சில கேள்விகள் இங்கே.

நான் கொழுந்து எடுக்கப் போகிறவள். தரம் 5 படிக்கும் மகன் பாடசாலையில் செஸ் பழகி வந்து, வீட்டிலும் ஆட ஆள் கேட்கிறான். எனக்குக் காய்களின் பெயர்கூடத் தெரியாது சேர். நான் என்ன செய்யலாம்? — ஒரு தாய், தலவாக்கலை

அக்கா, உலக சம்பியனாக இருந்த விஸ்வநாதன் ஆனந்துக்கு ஆறு வயதில் ஆட்டம் சொல்லிக்கொடுத்தது அவருடைய அம்மா சுசீலா. அப்பாவின் வேலைக்காகக் குடும்பம் கொஞ்சக் காலம் மணிலாவில் இருந்தது. அங்கே பகல் நேரத்தில் தொலைக்காட்சியில் செஸ் நிகழ்ச்சி போகும். மகன் பாடசாலையில் இருப்பான். அதனால் அம்மா உட்கார்ந்து புதிர்களை எழுதிவைப்பார். அவன் வந்த பிறகு இருவரும் சேர்ந்து விடை கண்டுபிடித்து அனுப்புவார்கள். பரிசு ஒரு புத்தகம். ஆனந்தே திரும்பத் திரும்ப வென்றதால், கடைசியில் வேண்டிய புத்தகங்களை எடுத்துக்கொண்டு போகச் சொல்லி, இனி விடை அனுப்ப வேண்டாம் என்றும் சொல்லிவிட்டார்களாம்.

சுசீலாவுக்கு ஆட்டம் தெரியும், எனக்குத் தெரியாதே என்பீர்கள். சரி, நாகலட்சுமியைப் பாருங்கள். சென்னையின் பெரிய ஆட்டக்காரர்களான பிரக்ஞானந்தா, அவருடைய அக்கா வைஷாலி இருவருக்கும் தாய். அவர் ஆட்டக்காரர் அல்ல. வங்கியில் வேலை பார்த்த அப்பாவுக்குப் போலியோவால் நடப்பதில் சிரமம் என்பதால், போட்டிகளுக்குப் பிள்ளைகளோடு போவது அம்மாதான். வெளிநாட்டிலும் அடுப்பைக் கையோடு கொண்டுபோய்ச் சோறும் ரசமும் வைத்துக் கொடுப்பார். 2023இல் பாகு நகரில் நடந்த உலகக் கோப்பையில் பிரக்ஞானந்தா இறுதிவரை போய், உலக சம்பியனாக இருந்த நோர்வேயின் கார்ல்சனிடம் தோற்றார். அந்த நாட்களில் மண்டபத்தின் ஓரத்தில் மகனையே பார்த்துக்கொண்டு நின்ற அம்மாவின் படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள்.

உங்களால் முடிந்தது ஒன்று உண்டு. ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு பத்து நிமிடம் மகனுக்கு எதிரே உட்கார்ந்து, "இந்தக் குதிரையை ஏன் இங்கே வைத்தாய்?" என்று கேளுங்கள். உங்களுக்கு விளங்கும்படி சொல்ல வேண்டும் என்பதற்காகவே அவன் இன்னொரு தடவை யோசிப்பான். என் வகுப்பில் நன்றாக முன்னேறிய பிள்ளைகளில் பலருக்கு வீட்டில் இப்படிக் கேட்க ஒருவர் இருந்தார்.

பெரிய ஆட்டக்காரர்கள் எல்லாம் வசதியான வீட்டுப் பிள்ளைகள்தானா? எங்களைப் போன்ற இடத்திலிருந்து ஒருவராவது போயிருக்கிறாரா? — தரம் 9 மாணவன், மஸ்கெலியா

போயிருக்கிறார் தம்பி. பெயர் மீர் சுல்தான் கான். இவரைப் பற்றி எழுதத் தொடங்கினால் என் கை நிற்காது, பொறுத்துக்கொள்.

பஞ்சாபில் மிட்டா திவானா என்ற ஊர்க்காரர். உமர் ஹயாத் கான் என்ற பெரும் நிலக்காரரின் ஆதரவில் இருந்தவர். அந்த வீட்டு வேலைக்காரர் என்றே மேல்நாட்டில் எழுதினார்கள். அவருடைய குடும்பத்தார் அதை மறுக்கிறார்கள். அவர் சிறுவயதில் பழகியது நம் பக்கத்துப் பழைய ஆட்டம். அதில் சிப்பாய் முதல் நகர்வில் இரண்டு கட்டம் போகாது. கோட்டை கட்டுவதும், அதாவது ராஜாவையும் யானையையும் ஒரே நகர்வில் இடம் மாற்றுவதும், இன்றைய முறையில் இல்லை. ராஜா ஒரே ஒரு முறை குதிரை போல் தாவலாம். 1928இல் அகில இந்தியப் போட்டியில் வென்றார். அடுத்த ஆண்டு நிலக்காரர் அவரை லண்டனுக்குக் கூட்டிப் போனார். லண்டனுக்குப் போன அந்த வருடமே பிரித்தானிய சம்பியன்!

1932, 1933 ஆண்டுகளிலும் அந்தப் பட்டம் அவருக்குத்தான். இதற்கிடையில் 1930 கடைசியில் தொடங்கிய ஹேஸ்டிங்ஸ் போட்டியில் முன்னாள் உலக சம்பியன் கபபிளாங்காவை வீழ்த்தினார். நாடுகள் அணிகளாக மோதும் ஒலிம்பியாட்டில் பிரித்தானிய அணிக்கு முதல் பலகையில், அதாவது அணியின் முதல் ஆட்டக்காரராக, ஆடினார். தொடக்க ஆட்டங்களைப் புத்தகம் பார்த்துப் படித்து வந்த ஆட்களுக்கு எதிரே, அந்தப் படிப்பு இல்லாமல் உட்கார்ந்தவர். தொடக்கத்தில் பின்தங்கி, நடு ஆட்டத்திலும் முடிவாட்டத்திலும் எதிரியை நெருக்கிப் பிடிப்பார். இங்கிலாந்துக் குளிர் அவருக்கு ஒத்துவரவில்லை. அடிக்கடி காய்ச்சல், தொண்டை நோவு.

அதே வீட்டிலிருந்து போன ஃபாத்திமா என்ற பெண் 1933இல் பிரித்தானியப் பெண்கள் பட்டத்தை வென்றார். அவரைப் பற்றி எழுதுபவர்கள் இன்னும் குறைவு.

அந்த ஆண்டே நிலக்காரர் ஊர் திரும்பினார், சுல்தான் கானும் திரும்பினார். அதோடு அவருடைய சர்வதேச ஆட்டம் முடிந்தது. நாலைந்து வருட ஆட்டம்தான் அவருக்குக் கிடைத்தது. நிலக்காரர் கூட்டிப் போனபோது போனார், திரும்பியபோது திரும்பினார் என்பது எனக்கு இன்றும் மனசைப் பிசையும். 1966இல் காலமானார். உலகச் சதுரங்கச் சம்மேளனம் அவருக்குக் கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டம் கொடுத்தது 2024இல். கிராண்ட்மாஸ்டர் என்பது சதுரங்கத்தில் ஆட்டக்காரருக்குக் கிடைக்கும் மிக உயர்ந்த பட்டம்.

சாதாரண தரப் பரீட்சை வருகிறது. மகள் செஸ்ஸை விடமாட்டேன் என்கிறாள். இரண்டும் முடியுமா? — ஒரு தந்தை, பண்டாரவளை

முடியும். நெதர்லாந்தின் மாக்ஸ் யூவ பாடசாலையில் கணிதம் படிப்பித்தவர். 1935இல் அப்போதைய உலக சம்பியன் அலெக்கினை வென்று பட்டத்தைப் பிடித்தார். 27 வருடம் உலகப் பட்டத்தை வைத்திருந்த இமானுவேல் லாஸ்கர் கணிதத்தில் கலாநிதி. இன்னோர் உலக சம்பியன் பொட்வின்னிக் மின் பொறியியலாளர்.

மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் டிங் லிரனை வென்று 18 வயதில் உலக சம்பியனான குகேஷ், நாலாம் வகுப்போடு முழுநேரப் பாடசாலையை நிறுத்தியவர். காது மூக்குத் தொண்டை மருத்துவரான அப்பா, மகனோடு அலைவதற்காகத் தன் தொழிலையே ஒதுக்கிவைத்தார். அந்த வழிக்கு அப்படி ஒரு வீடும் அருகிலேயே பயிற்சியாளர்களும் வேண்டும். நம்மிடம் இப்போது அது இல்லை. ஆகவே பரீட்சையை எழுதட்டும். ஆனால் பலகையைப் பூட்டி வைக்காதீர்கள். ஒரு நாளைக்கு அரை மணி நேரம் போதும்.

கல்யாணம் கட்டினால் பெண்பிள்ளைக்கு இதெல்லாம் நின்றுவிடும் என்கிறார்கள். — வாசகி, பதுளை

இந்தியாவின் கொனேரு ஹம்பி 2002இல் 15 வயதில் கிராண்ட்மாஸ்டர். 2017இல் மகள் பிறந்தாள், சில காலம் ஆட்டத்தை விட்டு ஒதுங்கியிருந்தார். திரும்பி வந்து 2019இல் பெண்கள் உலக ரெப்பிட் (குறைந்த நேர வேக ஆட்டம்) பட்டம், 2024இல் மறுபடியும் அதே பட்டம். சொல்கிறவர்களிடம் இந்த இரண்டு ஆண்டுகளையும் சொல்லுங்கள் தங்கச்சி.

எனக்கு 16 வயது. இப்போதுதான் பழகுகிறேன். பிந்திவிட்டதா? — மாணவர், கொட்டகலை

போலந்தின் அகிபா ரூபின்ஸ்டைன் பதின்ம வயதில்தான் பழகினார். ஒரு காலத்தில் உலகிலேயே மிகப் பலமான ஆட்டக்காரர்களில் ஒருவராக இருந்தார். சீனாவின் யே ஜியாங்சுவான் 17 வயதில் தொடங்கிக் கிராண்ட்மாஸ்டர் ஆனார். இன்று சிறுவயதிலேயே தொடங்கியவர்களோடு போட்டி போடுவது கஷ்டம்தான், மறைக்க மாட்டேன். ஆனால் பலமான ஆட்டக்காரராவதற்கு 16 பிந்திய வயது இல்லை.

மகன் தோற்றால் அழுகிறான், இரண்டு நாள் பலகையைத் தொடமாட்டான். — ஒரு தாய், நுவரெலியா

அழட்டும் அம்மா. வைஷாலி 2025 ஆகஸ்டில் சென்னைப் போட்டியில் வரிசையாக ஏழு ஆட்டம் தோற்றார். அடுத்த மாதம் சமர்கண்டில் பெண்கள் கிராண்ட் சுவிஸ் என்ற பெரிய சர்வதேசப் போட்டியை வென்றார். ஆனந்த் 2013இல் சொந்த ஊர்ச் சனத்துக்கு முன்னால் கார்ல்சனிடம் உலகப் பட்டத்தை இழந்தார். அவர் கதை முடிந்தது என்று பலர் எழுதினார்கள். நாலைந்து மாதத்தில் தகுதிப் போட்டியை வென்று திரும்பவும் அதே கார்ல்சன் எதிரே போய் உட்கார்ந்தார்.

இரண்டு நாள் போனபின், தோற்ற ஆட்டத்தின் நகர்வுத் தாளோடு அவனை என்னிடம் கூட்டி வாருங்கள். எந்த நகர்வில் கை தவறியது என்று சேர்ந்து பார்ப்போம்.