காற்றே இல்லாதபோது கோபுரம் எப்படி நீண்டது?

கேள்வி: பணகுடி பக்கம் காற்றாலைப் பராமரிப்பில் இருக்கிறேன். கோபுரத்தின் அடியில், உள்பக்க எஃகுச் சுவரில் ஃபைபர் கிரேட்டிங் சென்சார் (சுவரின் நீட்சியை ஒளியால் அளக்கும் கண்ணாடி இழை) ஒட்டியிருக்கிறோம். மாசி மாதம், இறக்கை சுற்றவே இல்லை. விடியற்காலை எஃகின் சூடு 24 டிகிரி, மதியம் 39. அதற்குள் சென்சார் திருப்பி அனுப்பும் ஒளியின் அலைநீளம் 360 பிகோமீட்டர் ஏறிவிட்டது. 1.2-ஆல் வகுத்தால் 300 மைக்ரோஸ்ட்ரெயின் வருகிறது (ஒரு மைக்ரோஸ்ட்ரெயின் என்றால் நீளத்தில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு நீட்சி). சென்சார் கெட்டுவிட்டதா, கோபுரத்திலேயே கோளாறா?

பதில்: இரண்டும் இல்லை. வெயிலையும் லோடு என்று கணக்கில் சேர்த்துவிட்டீர்கள்.

பத்தமடைப் பாயை நினைத்துக்கொள்ளுங்கள். கோரை நெருக்கமாக ஓடுவதுபோல, கண்ணாடி இழையின் நடுவே சுமார் ஒரு சென்டிமீட்டர் நீளத்துக்கு, ஏறக்குறைய அரை மைக்ரான் இடைவெளியில் வரிகள் பதிந்திருக்கும். உள்ளே போகும் ஒளியில் அந்த இடைவெளிக்குப் பொருந்தும் ஒரே அலைநீளம், உங்கள் சென்சாரில் 1550 நானோமீட்டர் என்று வையுங்கள், திரும்பி வரும். மற்றதெல்லாம் நேரே போய்விடும். இழையை இழுத்தால் வரிகள் விலகும், அலைநீளம் கூடும்: ஒரு மைக்ரோஸ்ட்ரெயினுக்கு சுமார் 1.2 பிகோமீட்டர். சூடு ஏறினாலும் கூடும்: டிகிரிக்கு சுமார் 10. இதில் கண்ணாடி விரிவது கொஞ்சம்தான். அதன் ஒளிவிலகல் எண் மாறுவதுதான் பெரும்பங்கு. எது இழுப்பு, எது சூடு என்று ஒற்றை கிரேட்டிங்கால் பிரித்துச் சொல்ல முடியாது.

இதற்காகத்தான் பக்கத்தில் ஒட்டாமல், குழாய்க்குள் தளர்வாக இன்னொரு கிரேட்டிங் வைப்பார்கள். 15 டிகிரிக்கு அது 150 ஏறும். கழித்தால் மிச்சம் 210, அதாவது 175 மைக்ரோஸ்ட்ரெயின். பலரும் இங்கேயே நிறுத்திவிட்டு, மீதியை லோடு என்று எழுதிவிடுகிறார்கள். எனக்கு வருத்தம் தரும் தவறு இது. எஃகு டிகிரிக்கு 12 மைக்ரோஸ்ட்ரெயின் தானாகவே விரியும். 15 டிகிரிக்கு 180. உங்கள் 175 ஏறக்குறைய அதுவேதான். கோபுரம் நிஜமாகவே நீண்டிருக்கிறது, ஆனால் எதுவும் அதை இழுக்கவில்லை.

எளிய வழி ஒன்று உண்டு. அதே எஃகில் சிறு துண்டு வெட்டி, அதன்மேல் அதே பசையால் இரண்டாவது கிரேட்டிங்கை ஒட்டுங்கள். துண்டை ஒரு முனையில் மட்டும் சுவரோடு பிடித்து, மறுமுனையை விட்டுவிடுங்கள். சுவரின் சூடு துண்டுக்கும் ஏற வேண்டும், சுமை மட்டும் ஏறக்கூடாது. அப்புறம் ஒரே கழித்தலில் கண்ணாடியின் சூடும் எஃகின் விரிவும் சேர்ந்தே போய்விடும். துண்டு அந்தந்த சென்சாருக்குப் பக்கத்திலேயே இருக்கட்டும். காலையில் கிழக்குச் சுவர் காயும்போது மேற்குச் சுவர் குளிர்ந்தே கிடக்கும். அதை வைத்து இதைக் கழிக்கக் கூடாது. அந்த வேறுபாட்டால் கோபுரம் உண்மையிலேயே லேசாக வளையும் என்பதையும் மறக்காதீர்கள்.

பசை சரியாகப் பிடித்திருக்கிறதா என்றும் பார்த்துவிடுங்கள். இன்டராகேட்டர் (இழைக்குள் ஒளி அனுப்பி, திரும்பி வருவதைப் படிக்கும் கருவி) திரையில் ஒற்றை முனையாக நிற்க வேண்டிய சிகரம் இரண்டாகப் பிளந்தோ தோள் வைத்தோ தெரிந்தால், கிரேட்டிங் நெடுகிலும் இழுப்பு சமமாக இல்லை, அல்லது பசை இழையைப் பக்கவாட்டில் நசுக்குகிறது. அந்த சென்சாரை எடுத்துவிட்டுப் புதிதாக ஒட்டுவதே நல்லது.

வைகாசியில் காற்று எடுப்பதற்கு முன் இதை முடித்துவிடுங்கள். இறக்கை நிற்கும் நாளில், விடியற்காலையிலும் மதியத்திலும், சென்சாரின் அளவிலிருந்து துண்டின் அளவைக் கழித்துப் பாருங்கள். இரண்டு வேளையின் மிச்சமும் ஒத்துப்போனால் அதையே பூஜ்யமாக வைத்துக்கொள்ளலாம்.