உப்புக்கு ஏன் சர்க்கரை துணை?

அன்புள்ள ஆசிரியருக்கு,

மகள் பதினொன்றாம் வகுப்பு படிக்கிறாள். செல் சவ்வு ஒரு சல்லடை மாதிரி, சிறியதை விடும், பெரியதைத் தடுக்கும் என்று அவளுக்குச் சொல்லிக்கொடுத்தேன். "சோடியம் அவ்வளவு சின்னதாச்சே, அதுக்கு எதுக்கும்மா தனியா ஒரு புரதம்?" என்று கேட்டாள். எனக்குப் பதில் தெரியவில்லை. அதே வாரம் தம்பி பையனுக்கு வயிற்றுப்போக்கு. அம்மா ஓ.ஆர்.எஸ். கரைசலில் இன்னும் இரண்டு ஸ்பூன் சர்க்கரை போடப் போனார். மகள் தடுத்தாள், ஆனால் ஏன் கூடாது என்று அவளாலும் சொல்ல முடியவில்லை. விளக்குவீர்களா?

ஒரு வாசகி, மன்னார்குடி

அன்புள்ள வாசகிக்கு,

உங்கள் மகள் சரியான இடத்தில் கை வைத்திருக்கிறாள். அவளுடைய இரண்டு சந்தேகங்களுக்கும் பதில் ஒரே இடத்தில்தான் இருக்கிறது. சல்லடையை மட்டும் மறந்துவிடுங்கள்.

பாஸ்போலிப்பிடு என்ற கொழுப்பு மூலக்கூறுகள் இரண்டு அடுக்காக நிற்பதுதான் சவ்வு. நீரை விரும்பும் தலைகள் இருபுறமும் வெளியே. நீரை ஒதுக்கும் வால்கள் உள்ளே. ஆகவே நடுவில் ஏறக்குறைய 3 நானோமீட்டர் தடிமனுக்கு இருப்பது எண்ணெய். ஆக்சிஜன் அதில் கரைந்து கடந்துவிடும். அதைவிடப் பல மடங்கு பெரிய ஸ்டீராய்டு ஹார்மோன்களும் கடந்துவிடும். சோடியம் அயனியோ மின்னூட்டம் உள்ளது. நீர் மூலக்கூறுகள் அதைச் சூழ்ந்து இறுகப் பிடித்திருக்கும். அவற்றை உதறிவிட்டு எண்ணெய்க்குள் நுழையத் தேவையான ஆற்றல் அதற்குக் கிடைக்காது. குளுக்கோஸுக்கு மின்னூட்டம் இல்லை, ஆனால் அதுவும் நீரோடு ஒட்டிக்கொள்ளும் வகை. இரண்டுமே புரதத்தின் வழியாகத்தான் உள்ளே போக வேண்டும்.

நீரைக்கூட இந்த எண்ணெய் அடுக்கு மெதுவாகத்தான் விடுகிறது. குளத்து நீரில் கிடந்தும் தவளை முட்டை ஊதிப்போவதில்லை. அமெரிக்க ஆய்வாளர் பீட்டர் அக்ரேயின் குழுவினர் 1992இல் அந்த முட்டைச் செல்களில் ஒரு குறிப்பிட்ட புரதம் உருவாகும்படி செய்து, நீர்த்த கரைசலில் இட்டார்கள். சில நிமிடங்களில் உப்பி வெடித்தன. நீருக்கென்றே தனி வழி இருப்பது அப்படித்தான் உறுதியானது. அக்வாபோரின் என்ற அந்தப் புரதத்துக்காக 2003இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. உங்கள் மகளுக்கு இதைக் கட்டாயம் சொல்லுங்கள்.

இனி உங்கள் வீட்டுக் கரைசல். சிறுகுடல் செல்களின் சவ்வில் எஸ்.ஜி.எல்.டி.1 என்றொரு புரதம் உண்டு. இரண்டு சோடியமும் ஒரு குளுக்கோஸும் சேர்ந்து வந்தால்தான் அது அவற்றை உள்ளே கொண்டுபோகும். உப்பும் சர்க்கரையும் போன பக்கம் நீரும் போகும். இப்படி இரண்டும் சேர்ந்தே போகின்றன என்பதை அமெரிக்க உயிர்வேதியியலாளர் ராபர்ட் கிரேன் 1960இல் பிராகா நகரில் முன்வைத்தார்.

காலரா நச்சு இந்தச் செல்களின் குளோரைடு வழிகளைத் திறந்துவிடுகிறது. உப்பும் நீரும் குடலுக்குள் கொட்டுகின்றன. ஆனால் எஸ்.ஜி.எல்.டி.1 அப்போதும் வேலை செய்துகொண்டுதான் இருக்கும். 1971இல் வங்கதேச அகதிகள் குவிந்த மேற்கு வங்கத்தின் போங்காவ் முகாமில் காலரா பரவி, நரம்பில் ஏற்றும் சலைன் தீர்ந்துகொண்டிருந்தபோது, மருத்துவர் திலீப் மகலநாபிஸ் நம்பியது அதைத்தான். உப்பு, குளுக்கோஸ், சோடா உப்பு மூன்றையும் டிரம்களில் கரைத்து வைத்தார். நோயாளிகளின் உறவினர்களே கோப்பையில் பிடித்துப் புகட்டினார்கள். 30 விழுக்காட்டை எட்டியிருந்த இறப்பு 4 விழுக்காட்டுக்கும் கீழே இறங்கியது. செல் உயிரியலில் எனக்கு இதைவிடப் பெரிய செய்தி கிடையாது. ஒரு சவ்வுப் புரதத்தின் வேலையை நம்பி, பெரும்பாலும் ஊசி இல்லாமல், அத்தனை உயிர்களை மீட்டிருக்கிறார்கள்!

அப்படியானால் சர்க்கரை கூடினால் இன்னும் நல்லதுதானே என்று அம்மா நினைத்ததில் வியப்பில்லை. ஆனால் குடலில் இருக்கும் கரைசல் இரத்தத்தைவிடச் செறிவாகிவிட்டால், சவ்வூடு பரவலின் திசை மாறிவிடும். உடம்பிலிருந்து நீர் குடலுக்குள் இழுக்கப்படும்; போக்கு அதிகமாகும். உலக சுகாதார நிறுவனமே 2002இல் லிட்டருக்கு 20 கிராம் குளுக்கோஸை 13.5 கிராமாகவும், 3.5 கிராம் உப்பை 2.6 கிராமாகவும் குறைத்தது இந்தக் கணக்கை வைத்துத்தான்.

அதனால் பாக்கெட்டில் போட்டிருக்கும் அளவுத் தண்ணீரில் முழுப் பொடியையும் கரைத்து, வேறெதுவும் சேர்க்காமல், ஸ்பூன் ஸ்பூனாகக் கொடுக்கச் சொல்லுங்கள். குடித்ததையெல்லாம் குழந்தை வாந்தியெடுத்தாலோ, கண் குழிவிழுந்து துவண்டாலோ உடனே மருத்துவமனைக்குத் தூக்கிக்கொண்டு போய்விடுங்கள்.