கிராங்கைட்டின் வியட்நாம் பேச்சு '60 மினிட்ஸ்' தொகுப்பில் ஏன் இல்லை?

அந்தப் பேச்சு அமெரிக்கத் தொலைக்காட்சி நிறுவனமான சிபிஎஸ்ஸின் '60 மினிட்ஸ்' செய்தி நிகழ்ச்சியில் வந்ததே இல்லை. அதனால்தான் 1968ஆம் ஆண்டுத் தொகுப்பு முழுக்கத் தேடியும் உங்களுக்குக் கிடைக்கவில்லை. சிபிஎஸ் செய்தி வாசிப்பாளர் வால்டர் கிராங்கைட் பேசியது 1968 பிப்ரவரி 27 இரவு, சிபிஎஸ் ஒளிபரப்பிய தனிச் சிறப்பு நிகழ்ச்சியில். '60 மினிட்ஸ்' தொடங்கியதே அதே ஆண்டு செப்டம்பர் 24ஆம் தேதிதான். தொகுத்தளித்தவர்கள் ஹாரி ரீசனரும் மைக் வாலஸும்.

இரண்டும் ஒரே நிறுவனம், ஒரே ஆண்டு என்பதால் நீங்கள் பார்த்த பட்டியலில் கலந்திருக்கலாம்.

'ரிப்போர்ட் ஃப்ரம் வியட்நாம்' என்ற பெயரில் தேடிப் பாருங்கள். கிடைத்தால் கடைசிப் பகுதிக்குப் போங்கள். தென் வியட்நாம் மீது கம்யூனிஸ்ட் படைகள் நடத்திய டெட் தாக்குதலுக்குப் பின் நேரில் போய்ப் பார்த்துவிட்டு வந்தவர், போர் வெற்றியும் இல்லாமல் தோல்வியும் இல்லாமல் தேங்கி நிற்கிறது, பேச்சுவார்த்தைதான் வழி என்கிறார். செய்தி வாசிப்பவர் தன் சொந்தக் கருத்து இது என்று சொல்லிவிட்டுப் பேசுவது அன்று அபூர்வம். அவசியம் பாருங்கள்.

ஒரு எச்சரிக்கை. 'கிராங்கைட்டை இழந்தால் நாட்டையே இழந்ததுபோல' என்று அமெரிக்க அதிபர் ஜான்சன் அதைப் பார்த்துக்கொண்டே சொன்னதாக எழுதிவிடாதீர்கள். அந்த இரவு அவர் டெக்சாஸில் ஆளுநர் கானலியின் பிறந்தநாள் விழாவில் இருந்தார். மார்ச் 31 அன்று மீண்டும் போட்டியிடப் போவதில்லை என்று அவர் அறிவித்தது மட்டும் உறுதி. அதைத் தாராளமாகச் சேர்க்கலாம்.